துண்டுக்கு அடியில்

மாட்டுச் சந்தையில் விலை பேசுவதுபோலத்தான் பேசினோம்.
தோளில் கிடந்த ஈரிழைத் துண்டை உதறி
எங்கள் இரண்டு கைகளின் மேலும் போட்டான்.
வேதாளைக் கரையில் படகுகள் அடையும் நேரம்.
ஐஸ் பெட்டிக்காரர்கள், வலையிலிருந்து நண்டு கழிப்பவர்கள்,
ஒருவரும் திரும்பிப் பார்க்கவில்லை.
பேர் கேட்டேன்.
"ஊர்ப் பேர்லயே முக்காவாசி இருக்கே சார்" என்றான்.

அதற்கு முன் பதினோரு வருடம்
கடலட்டை எண்ணிக்கொண்டிருந்தேன்.
முயல் தீவுக்குத் தெற்கே, மனோலிக்குக் கிழக்கே,
முழங்கால் தண்ணீரில், கழுத்துத் தண்ணீரில்.
கண் இல்லாத, மூளை இல்லாத,
மணலைத் தின்று மணலையே கழிக்கும்
அந்தக் கறுத்த சதைக் குழாய்
எந்த இரவில் எதைக் கேட்டு முட்டை விடுகிறது
என்பது மட்டும் எனக்குப் பிடிபடவில்லை.
வாடை போய்க் கச்சான் வந்தது. கச்சான் போய் வாடை.
குமுதவல்லி பரமக்குடிக்குப் போய்
இரண்டு தீபாவளி ஆகியிருந்தது.

துண்டுக்கு அடியில் என் சுண்டுவிரலைப் பிடித்தான்:
முட்டை விடும் இரவு.
மோதிரவிரல்: குஞ்சு தின்னும் பாசி.
நடுவிரல்: அது தாங்கும் உப்பு.
ஆள்காட்டி விரல்: இன்னும் நான் கேட்கத் தெரியாத
மற்றதெல்லாம்.
கட்டைவிரலைத் தொடவில்லை.
"அது உங்க பக்கம் சார்.
உயிரு, ஆன்மா எல்லாம் பழைய யாவாரம்.
திட்டுத் திட்டா டிகிரி மினிட்டோட
எழுதி வச்சிருக்கீங்களே ஒரு நீல நோட்டு,
ஒரு ராத்திரிக்குக் குடுங்க. விடியறதுக்குள்ள வந்திரும்."

கடலட்டையை அமுக்கிப் பிடித்தால்
தன் குடலைத் தானே கக்கிக் கொடுத்துவிட்டு நழுவும்.
சில வாரங்களில் உள்ளே புதுக்குடல் வளர்ந்துவிடும்.
இதை நான் முப்பது பக்கம் எழுதியிருக்கிறேன்.
எனக்கும் வளரும் என்று நினைத்தேன்.

கட்டைவிரலை நீட்டினேன்.
பற்றிய கையின் நடுவிரலில், முதல் கணுவுக்கு மேல்,
பேனா பிடித்துப் பிடித்துக் காய்த்த தழும்பு.
அதைப் பற்றி அப்போது யோசிக்கவில்லை.

சொன்ன சொல் தவறவில்லை அவன்.
அதையும் சொல்லியாக வேண்டும்.
நோட்டு விடியுமுன் மேசைக்கு வந்தது, ஒரு தாள் மடங்காமல்.
பங்குனி அமாவாசைக்கு மறுநாள்
தொட்டித் தண்ணீர் பால் ஊற்றியதுபோல் கலங்கியது.
முட்டை. லட்சக்கணக்கில்.
தனியே நின்று சத்தம் போட்டு அழுதேன்.
பிறகு அத்தனையையும் சாராயத்தில் இட்டுப் படம் எடுத்தேன்.
கட்டுரை அச்சானது.
சென்னையில் சால்வை போர்த்தினார்கள்.
சால்வைக்கு அடியில் என் கை
தானாக எதையோ தேடியது.

"தாய் அட்டை நூறு பிடிச்சிட்டு வாங்க,
பெரிய அளவில் தொடங்கலாம்" என்றார்கள்.
படகெடுத்தேன்.
முதல் திட்டில் மணல். இரண்டாவதில் மணல்.
மூன்றாவதில் பாசி எடுத்துக்கொண்டிருந்த முனீஸ்வரி
முகக்கண்ணாடியை நெற்றிக்கு ஏற்றி,
துணி சுற்றிய விரலால் மூக்கைச் சிந்திவிட்டுச் சொன்னாள்:
"ஒண்ணும் இல்ல சார். மாசி பூரா ராத்திரியில வந்தாங்க.
கோடு கிழிச்ச மாதிரி நேரா வந்தாங்க.
ஒரு திட்டுத் தப்பல.
எண்ணத் தெரிஞ்சவன் எவனோ
எண்ணிக் குடுத்திருக்கான்."
என் முகத்தைப் பார்த்துச் சொல்லவில்லை.
மறுபடி மூழ்கிவிட்டாள்.
குமிழிகள் வந்த இடத்தையே
நெடுநேரம் பார்த்துக்கொண்டிருந்தேன்.

இப்போது தொட்டியில் ஒன்றே ஒன்று.
நேற்று நீர் மாற்றும்போது என் விரல் பட்டது.
கக்கிவிட்டது.
கையெல்லாம் பிசுபிசுவென்று குடல்.
ஆறு வாரம் ஆகும்.
எந்த நாளில் எந்த மடிப்பு முளைக்கும் என்றுகூடத் தெரியும்.
தெரியாதது என்று எதுவும் மிச்சமில்லை.

குழாயடியில் கழுவிவிட்டு
ஆணியில் தொங்கிய துண்டை எடுத்தேன்.
ஈரிழை. நான் வாங்கியது இல்லை.
துடைத்தேன்.
தோளில் போட்டுக்கொண்டேன்.